பூதமொழியும் அயல்மொழியும்: கண்டிப் பிரதேசத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

பேராதனைப் பல்கலைக்கழக வளாகத்தை ஊடறுத்துச் செல்லும் கலகா வீதி, ஹந்தானை மலைத்தொடரின் சரிவுகளைத் தழுவிச் சென்று கலகாவை அடைந்து, அப்பால் தெல்தோட்டைக்கு ஏறுகின்றது. இப்பிரதேசத்திற் சிங்களக் கிராமங்களும், தேயிலைத் தோட்டங்களின் தமிழ் லயங்களும், தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட முஸ்லிம் மக்களின் குடியிருப்புகளும் ஒன்றையொன்று அடுத்து அமைந்துள்ளன. இங்கு வாழும் மானிடர் எம்மொழிகளைப் பேசுகின்றனர் என்பது எவரும் அறிந்ததே. ஆயின் அம்மானிடரின் நம்பிக்கை உலகில் உடன்வாழும் மானிடர் அல்லாதார், அதாவது சிங்களவரின் யக்கரும் தமிழரின் பேயும் முனியும், எம்மொழியைப் பேசுவர், எம்மொழிக்குச் செவிசாய்ப்பர் என்னும் வினா ஆய்வாளரால் அதிகம் எழுப்பப்படாத ஒன்றாகும். அவ்வினாவை எழுப்புவதே இக்கட்டுரையின் நோக்கம்.

விந்தையுலகப் பாத்திரங்களுக்கெனப் புதிய மொழிகளைப் புனையும் கலை அண்மைக் காலத்திற் புனைகதையாலும் திரைப்படத்தாலும் பெருகியுள்ளது. இதனை முற்றிலும் நவீனமானதொரு விளையாட்டு எனக் கொள்வோர் பலர். நம் கருத்து வேறு. தேவர்க்கும் அசுரர்க்கும் பேய்க்கும் மொழி வகுக்கும் முயற்சி மிகப் பழையது. அங்ஙனம் வகுத்தோர் வெறுமையினின்று எதனையும் படைத்தாரல்லர். ஒன்றில் அயலார் மொழியை எடுத்து அப்பாத்திரங்களின் வாயில் வைத்தனர். அன்றேல் தம் மொழியையே முறைமாற்றி அடுக்கினர். இவ்விரு வழிகளுள் ஒரு சமூகம் எதனை மேற்கொண்டது என்பதை நோக்கின், அச்சமூகம் தன் அயலாரை எங்கு நிறுத்தியது என்பதும் புலனாகும். இவ்வாய்வின் பயன் அதுவே எனக் கருதுகின்றோம்.

முதற்கண் சிங்கள மந்திரங்களை நோக்குவோம். இத்துறையில் வழிகாட்டியவர் பேராசிரியர் ஸ்ரான்லி ஜெயராஜா தம்பையா ஆவர். 1929 இல் இலங்கையிற் பிறந்து, இலங்கைப் பல்கலைக்கழகத்திற் கற்பித்து, பின்னர் கேம்பிரிட்ஜ், சிக்காகோ, ஹார்வார்ட் பல்கலைக்கழகங்களிற் பணியாற்றி, 2014 இல் மறைந்த இத்தமிழ் மானிடவியலாளர், 1968 இல் மலினோவ்ஸ்கி நினைவுப் பேருரையாக 'சொற்களின் மந்திர ஆற்றல்' என்னும் பொருள் பற்றி உரையாற்றினார். பசிபிக் சமுத்திரத்துத் திரோப்ரியந்து தீவினரின் மந்திரங்களை ஆராய்ந்த மலினோவ்ஸ்கி, மந்திரச் சொற்களிற் காணப்படும் விந்தைத் தன்மையை முன்னரே சுட்டியிருந்தார். மந்திரம் என்றால் பொருளற்ற ஒலிக்கூட்டம் என்னும் எண்ணம் அறிஞரிடையே நிலைத்திருந்த காலம் அது. தம்பையா அவ்வெண்ணத்தை மறுக்கச் சிங்களச் சடங்குகளையும் சான்றாகக் கொண்டார்.

சிங்களப் பேயோட்டும் சடங்கிற் பயிலும் வாய்மொழி மூவகைப்படும் என அவர் காட்டினார். ஒன்று மந்திரம்; மற்றொன்று கன்னலவ்வ என்னும் முறையீடு; பிறிதொன்று கவி. முறையீடும் கவியும் கூடியிருப்போர் கேட்டு உணரும் சிங்களத்தில் அமைவன. நோயாளியின் துயர், பேயின் பிறப்பு வரலாறு, புத்தரின் ஆணைக்கு அது கட்டுப்பட்ட கதை ஆகியவை அவற்றில் விரித்துரைக்கப்படும். மந்திரமோ அவ்வாறன்று. அது வாய்க்குள் முணுமுணுக்கப்படுவது, அருகில் இருப்போர்க்குக் கேளாதது, கேட்பினும் விளங்காதது. அது யக்கர்க்குரிய மொழியில் உள்ளதென்பதும், யக்கர் அதனை நன்குணர்வர் என்பதும் சடங்கு செய்வோரின் கொள்கை.

இம்மொழியைப் பகுத்து நோக்கின் வெளிப்படுவது யாது? சிங்களம், பாளி, சமஸ்கிருதம், தமிழ், மலையாளம், தெலுங்கு முதலான பல மொழிகளின் சொற்கள் கலந்த ஒரு கலவை. இக்கலவையும் தாறுமாறானதன்று. புத்தரின் ஆற்றலைத் துணைக்கு அழைக்கும் இடத்திற் பாளி மேலோங்குகின்றது. இந்துத் தெய்வங்களை விளிக்கும் இடத்திற் சமஸ்கிருதச் சாயல் மிகுகின்றது. பேயை நேரே அதட்டி ஏவும் இடத்திலேயே பன்மொழிக் கலப்பு உச்சத்தை அடைகின்றது. புத்தர் மேலே, தெய்வங்கள் அடுத்து, யக்கர் அடியில் என அமைந்த உலக ஒழுங்கு, மொழிகளின் வரிசையிலும் அவ்வாறே படிந்துள்ளது. தூய மொழி உயர்ந்தோர்க்கு. கலப்பு மொழி தாழ்ந்தோர்க்கு. ஒழுங்கற்றதெனக் கருதப்பட்ட பேய்க்கு ஒழுங்கற்றதொரு மொழி பொருத்தமெனப் பட்டது போலும்.

இவ்விடத்தில் தமிழ் வாசகர் சற்றுத் தரித்தல் வேண்டும். அண்டை வீட்டாரின் மந்திரத்திற் பேயை ஏவப் பயன்படுஞ் சொற்களுள், நாம் நாள்தோறும் சோறு கேட்கவும் பிள்ளையை அழைக்கவும் வழங்குஞ் சொற்களின் உறவினவும் உள்ளன என்பதே இதன் பொருள். சூனியம் என நாம் வழங்குஞ் சொல், சகரம் ஹகரமாகத் திரிந்து சிங்களத்தில் ஹூனியம் ஆகி, பில்லி சூனியத்தையும் அதற்குரிய தெய்வத்தையுமே குறிக்கின்றது. பேயோட்டுபவனைச் சிங்களத்திற் கட்டாடியா என்பர். அச்சொல், பழந்தமிழிற் கட்டுப் பார்த்துக் குறி சொல்லிய கட்டுவிச்சியை நமக்கு நினைவூட்டுகின்றது.

இதனைச் சிங்கள மக்களின் இழிவுக் கருத்தென உடனே முடிவு செய்தல் பொருந்தாது. இச்சடங்குகளில் அயல்நாட்டார் நோயைக் கொணர்வோராகவும் வருகின்றனர். நோயைத் தீர்ப்போராகவும் வருகின்றனர். கண்டிப் பிரதேசத்தின் தலையாய சடங்காகிய கொஹொம்ப கங்காரியவின் கதையில், பண்டுவாசுதேவ மன்னனைப் பற்றிய தோஷத்தை நீக்கத் தீவின் வெளியே இருந்து மலய மன்னன் வரவழைக்கப்படுகின்றான். தென்னிலங்கையில் வழிபடப்படும் தெவொல் தெய்வங்கள் கப்பலேறி வந்து சீனிகமவில் இறங்கியவை என்பர். தென்னிலங்கைச் சூனியச் சடங்கில் வடிக பட்டுன என்றொரு நகைச்சுவை நாடகம் உண்டு. அதில் மணிக்பால என்னும் அரசியைப் பற்றிய சூனியத்தை நீக்க வடிக நாட்டுப் பிராமணர் வருவர். அவர்க்குச் சிங்களம் வாராது. ஊரார்க்கு அவர் பேச்சு விளங்காது. அக்குழப்பத்தாற் பெருஞ்சிரிப்பு எழும். வடிக என்பது நம் இலக்கியங்கள் கூறும் வடுகரையே சுட்டும் என்பது வெளிப்படை.

மந்திரத்திற் கேளாவண்ணம் முணுமுணுக்கப்படும்போது அச்சத்தை விளைப்பதும், நாடகத்தில் உரக்கப் பேசப்படும்போது நகைப்பை விளைப்பதும் ஒரேவகை அயல்மொழியே என்பது நம் கவனத்திற்குரியது. பேய் அச்சத்தினின்று நகைப்புக்கு இறங்குவதே நோயாளியின் மீட்சிக்கு வழி எனப் புரூஸ் காப்ஃபெரர் 1983 இல் வெளியிட்ட நூலில் விளக்கியுள்ளார். அம்மீட்சியில் மொழிக்கும் பங்குண்டு என நாம் சேர்த்துக்கொள்ளலாம்.

பேய்க்கு விளங்குவதற்கென அமைந்த மொழி இருப்பதுபோலவே, பேய்க்கு விளங்காதிருப்பதற்கென அமைந்த மொழியும் சிங்களக் கிராமங்களில் வழங்கியது. அது களத்து மொழி. சூடு மிதிக்கும் களத்தில் அன்றாடச் சொற்களை வழங்கினால் தீய ஆவிகள் கேட்டு விளைவைக் கவர்ந்துவிடும் என்னும் அச்சத்தால், களத்துக்குள் இறங்கியோர் கருவிகளுக்கும் கால்நடைகளுக்கும் தானியத்துக்கும் வேறு பெயர்களை வழங்கினர். சூடு மிதிக்கும் எருது அங்கு அம்பருவா ஆகிவிடும். காட்டுக்குள் செல்வோர்க்கும் இவ்வாறே காட்டு மொழியொன்று இருந்தது. இலக்கணம் சிங்களமே, சொற்கள் மட்டும் மாறும்.

இவ்வழக்கு நம் இலக்கணிகளுக்குப் புதியதன்று. நன்னூலார் தகுதி வழக்கை இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி என மூன்றாக வகுத்தார். பொற்கொல்லர் பொன்னைப் பறி என்பதும், யானைப்பாகர் ஆடையைக் காரை என்பதும், வேடர் கள்ளைச் சொல்விளம்பி என்பதும் உரையாசிரியர் காட்டும் குழூஉக்குறிகள். ஆயின் இக்குறிகள் பிற மானிடரிடமிருந்து மறைப்பதற்கானவை. இரவிற் பாம்பைப் பெயர் சொல்லி அழையாமையும் அம்மை நோயை அம்மாள் என்றலும் போன்ற வழக்குகளே சிங்களக் களத்து மொழிக்கு நெருங்கியவை. அங்கும் மறைப்பது மானிடர்க்கன்று.

இனி, பேய்க்கு ஒரு முழுமொழியையே வழங்கிய மரபுக்கு வருவோம். வடமொழியாளர் பைசாசி என்றும் பூதபாஷை என்றும் கூறிய மொழி அதுவே. குணாட்டியர் இயற்றிய பிருகத்கதை அம்மொழியில் அமைந்ததென்பது தண்டியாசிரியரின் காவியாதர்சம் கூறும் செய்தி. மூலநூல் இன்றில்லை. அது தோன்றிய கதையைப் பதினோராம் நூற்றாண்டினரான சோமதேவர் கதாசரித்சாகரத்தில் விரிவாகச் சொல்லியுள்ளார். சாதவாகன மன்னனுக்கு வடமொழி கற்பிப்பது தொடர்பான பந்தயத்திற் குணாட்டியர் சர்வவர்மனிடம் தோற்கின்றார். தோற்றமையால் வடமொழி, பிராகிருதம், நாட்டுவழக்கு ஆகிய மூன்றையும் துறந்து காடு புகுகின்றார். அங்குப் பிசாசுகளின் மொழியே அவர்க்கு எஞ்சிய மொழி. காணபூதி என்னும் பிசாசிடம் கேட்ட கதையை ஏழு இலட்சம் சுலோகங்களாகத் தம் குருதியால் எழுதுகின்றார். பிசாச மொழியிற் குருதியால் எழுதப்பட்ட நூலை மன்னன் இகழ்ந்து ஒதுக்க, மனம் வெதும்பிய புலவர் விலங்குகளுக்கு ஒவ்வோர் ஏடாகப் படித்துக் காட்டித் தீயிலிடுகின்றார். ஆறு இலட்சம் அழிந்து ஓர் இலட்சமே தப்புகின்றது. தாழ்ந்ததெனப்பட்ட மொழியில் எழுதத் துணிந்தவனுக்கு நேர்ந்ததைச் சொல்லும் கதைகளுள் இதற்கிணையான பிறிதொன்றை நாம் அறியோம். அந்நூலின் வழிவந்த உதயணன் கதையைக் கொங்குவேளிர் பெருங்கதையாகத் தமிழில் யாத்தார். முதலும் இறுதியும் கிடைக்கப்பெறாத அந்நூலை உ. வே. சாமிநாதையர் 1924 இற் பதிப்பித்தார். ஆகவே பிசாச மொழியின் பேறுகளுள் ஒன்று தமிழையும் வந்தடைந்தது.

இம்மொழியின் இலக்கணம் என்ன? வரருசியின் பிராகிருதப் பிரகாசமும், பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஹேமசந்திரர் இயற்றிய இலக்கணமும் சில விதிகளைத் தருகின்றன. அவற்றுள் தலையாயது, வர்க்க எழுத்துகளில் மூன்றாவதும் நான்காவதும் முறையே முதலாவதும் இரண்டாவதுமாக மாறும் என்பது. அதாவது குரலுடை வல்லொலி குரலிலா வல்லொலியாகும். வடமொழி 'ராஜா' பைசாசியில் 'ராசா' போன்று ஒலிக்கும். லகரம் ளகரமாகும் என்பது ஹேமசந்திரர் கூறும் மற்றொரு விதி.

எந்தத் தமிழ்த் தாயும் தன் மகனை 'ராசா' என்றே கொஞ்சுகின்றாள்! பிசாசின் நாவுக்கு இலக்கணிகள் கற்பித்த திரிபு, வல்லினத்துக்கு வர்க்கத்துக்கோர் எழுத்தே கொண்ட நம் நெடுங்கணக்கின் இயல்போடு ஒத்திருப்பதைக் காணாதிருத்தல் இயலாது. திராவிட மொழி பேசினோர் ஆரிய மொழியைத் தம் நாவுக்கு இயைய ஒலித்தமையே பைசாசி எனக் கருதிய அறிஞர் உளர். கிரியர்சன் அதன் தாயகத்தை இந்தியாவின் வடமேற்கெல்லையில் வைத்தார். ஸ்ரென் கொனோவ் விந்தியப் பகுதியில் வைத்தார். எங்கு வைப்பினும், அது எவரோ ஓர் அயலாரின் உண்மை மொழி என்பதில் அவர்க்குள் வேறுபாடில்லை.

அசுரர் மொழி பற்றிய வேதகாலக் கதையும் இதனையே உணர்த்துகின்றது. போர்க்களத்திற் பகைவரை விளிக்கும் வடசொல்லிலுள்ள ரகரத்தை அசுரர் லகரமாக ஒலித்தனர், அவ்வழுவால் தோற்றனர். சதபத பிராமணத்தில் உள்ள இக்கதையைப் பதஞ்சலி தம் மகாபாஷியத்தின் தொடக்கத்தில் எடுத்தாண்டு, மிலேச்சர் ஆகாமலிருக்க இலக்கணம் கற்றல் வேண்டும் என்கின்றார். ஆகவே அசுரர் வேறெந்த மொழியையும் பேசவில்லை. ஆரியரின் மொழியையே அயலார் ஒலிப்போடு பேசினர். ஓர் எழுத்தின் திரிபே அசுரரை அசுரர் ஆக்கப் போதுமானதாயிற்று.

தாழ்த்துவோரும் ஒருகாலத்தில் தாழ்த்தப்படுவர். பௌத்த சங்கத்தின் நான்கு பெரும் பிரிவுகளும் நான்கு மொழிகளைக் கைக்கொண்டன எனத் திபெத்திய மரபு கூறும். அவ்வரிசையிற் சர்வாஸ்திவாதியர்க்குச் சமஸ்கிருதமும் மகாசங்கிகர்க்குப் பிராகிருதமும் கொடுக்கப்பட்டுள்ளன. ஸ்தவிரர்க்குக் கொடுக்கப்பட்டது பைசாசி. இலங்கைத் தேரவாதம் அந்த ஸ்தவிர மரபைச் சார்ந்தது. கண்டிச் சடங்கிற் பேயை அடக்கும் புத்தரின் திருமொழியாக உச்சியில் அமர்ந்திருக்கும் பாளியின் மரபையே வடக்கே இருந்து நோக்கியோர் பிசாச மொழிக்கு உரியதாக்கினர் என்பதை எண்ணுந்தோறும் வியப்பு மிகுகின்றது.

தமிழ்ப் பேய்களின் நிலை யாது? நம் இலக்கியத்தில் அவை தமிழே பேசுகின்றன. அதுவும் நல்ல தமிழ். கலிங்கத்துப்பரணியில் இமயத்தினின்று மீளும் முதுபேயும் தமிழிலேயே காளியிடம் முறையிடுகின்றது; களத்திற் கூழடும் பேய்களும் தமிழிலேயே ஒன்றையொன்று ஏசிக்கொள்கின்றன. பேயுருவை வேண்டிப் பெற்ற காரைக்காலம்மையாரின் அந்தாதியும் பதிகங்களும் பக்தித் தமிழின் முதல் வரிசையில் உள்ளன. நாட்டார் வழக்கிலும் பேயோட்டுவோன் பேயிடம் ஊரும் பேரும் கேட்பான். பேய் தமிழில் விடை கூறும். பெரும்பாலும் அது கிணற்றில் வீழ்ந்தோ தூக்கிட்டோ இறந்த அவ்வூர்ப் பெண்ணாகவே இருக்கும். சிங்கள மந்திரத்தின் யக்கர் பெரிதும் வெளியிலிருந்து வந்தவர். நம் பேய் உள்ளூராள். உள்ளூராளுக்கு அயல்மொழி எதற்கு?

எனினும் தமிழர் இதில் முற்றும் தூயர் எனக் கூறுதற்கில்லை. மந்திரவாதம் என்றவுடன் மலையாளத்தைச் சுட்டுவது தமிழ்நாட்டிலும் ஈழத்திலும் ஒத்த வழக்கு. நமக்கும் மேற்கே ஓர் அயலார் இருந்தனர். ஆனால் தமிழ் மாந்திரீகத்தின் தனித்த உத்தி வேறொன்று. மந்திரத்தை மறைமொழி எனத் தொல்காப்பியச் செய்யுளியல் குறிக்கும். அம்மறைப்பைத் தமிழர் பெரிதும் எழுத்து மாற்றத்தால் நிகழ்த்தினர். நமசிவய என்னும் ஐந்தெழுத்தையே இடம் மாற்றி மாற்றிச் சக்கரத்தின் அறைகளில் நிரப்பும் முறை திருமந்திரத்தில் விரிவாக உள்ளது. அறைகளில் அமையும் தொடர்கள் கேட்போர்க்கு விளங்கா. ஆயினும் அவற்றுள் அயல் எழுத்து ஒன்றேனும் இல்லை. பள்ளிப் பிள்ளைகள் ஒவ்வோர் எழுத்தின் முன்னும் ககரத்தைச் செருகிப் பேசும் 'க' பாஷையும் இவ்வுத்தியின் எளிய வடிவமே.

மணிமேகலை ஒரு விதிவிலக்கைத் தருகின்றது. ஆதிரையின் கணவன் சாதுவன் கலம் உடைந்து நாகர் வாழும் தீவில் ஒதுங்குகின்றான். அவர் ஆடையற்றோர், நரமாமிசம் உண்போர். அவனைக் கொன்று தின்னச் சூழ்ந்தபோது, அவர்தம் மொழியில் அவன் பேசுகின்றான், உயிர் தப்புகின்றான். பின் அவர் தலைவனோடு அறம் பற்றி உரையாடுகின்றான். அரக்கரெனத் தோன்றியோர் உரையாடத் தக்க மானிடராகின்றனர். அச்சந்தரும் பிறர் மொழியை ஏவுவதற்கன்றி உரையாடுவதற்குக் கற்றவனாகச் சாத்தனார் காட்டும் இவ்வணிகனே, இவ்வாய்வில் நாம் கண்டோருள் நம் மதிப்புக்கு மிக உரியவன்.

நவீனப் புனைவு மொழிகள் இவ்விரு வழிகளையே தொடர்கின்றன. ஒக்ஸ்போர்ட்டில் ஆங்கிலசாக்சன் மொழிப் பேராசிரியராக இருந்த ஜே. ஆர். ஆர். டோல்கீன், 1954, 1955 ஆம் ஆண்டுகளில் வெளியான தம் பெருங்கதையில் எல்வ் என்னும் அமர இனத்தார்க்கு இரு மொழிகளை வகுத்தார். அவற்றுள் ஒன்றின் ஒலிக்குப் பின்லாந்து மொழியும், மற்றதன் ஒலிக்கு வேல்சு மொழியும் அடிப்படை. அவர் விரும்பிக் கற்ற மொழிகள் அவை. தீயவனின் படைகளுக்கோ கரடுமுரடான கருமொழியை ஒதுக்கினார். இனியது தேவர்க்கு, வல்லோசை அரக்கர்க்கு என்னும் பழைய ஒழுங்கு இங்கும் காணப்படுகின்றது.

தமிழில் இதற்கு நேர்ச்சான்று 2015 இல் வெளியான 'பாகுபலி' திரைப்படத்துக்கெனப் பாடலாசிரியர் மதன் கார்க்கி புனைந்த கிளிக்கி மொழி. ஏறக்குறைய 750 சொற்களும் 40 இலக்கண விதிகளும் கொண்ட இம்மொழியைப் படத்திற் பேசுவோர் காலகேயர் என்னும் கொடிய இனத்தார். அவுஸ்திரேலியாவில் குவீன்ஸ்லாந்துப் பல்கலைக்கழகத்திற் கலாநிதிப் பட்டத்துக்குப் படித்த காலத்திற் குழந்தைகளைப் பராமரிக்கையில் அவர்களோடு விளையாட்டாக உருவாக்கிய மொழியொன்றே இதற்கு வித்து என அவர் கூறியுள்ளார். நான் என்பதற்கு 'மின்'. நீ என்பதற்கு 'நிம்'. ஒன்றைத் திருப்பினால் மற்றது. ஐந்தெழுத்துச் சக்கரத்தின் வழியும் 'க' பாஷையின் வழியும் இங்கே தொடர்கின்றன. 2020 இல் அவர் அதற்குரிய எழுத்துகளையும் கற்கும் வழிகளையும் பொதுமக்களுக்கு வெளியிட்டார்.

காலகேயர் என்னும் பெயர் மகாபாரத வனபருவத்தினின்று வந்தது. அங்கு அவர் பகலிற் கடலுள் ஒளிந்து இரவில் முனிவரைக் கொல்லும் அசுரர். அவரை வெளிப்படுத்தக் கடலையே குடித்தவர் அகத்தியர். தமிழுக்கு முதல் இலக்கணம் வகுத்தவராக நம் மரபு போற்றும் அவரால் அழிந்த அசுரர்க்கு, நம் காலத்துத் தமிழ்ப் பாடலாசிரியர் ஒருவர் இலக்கணம் வகுத்தமை சுவையானதொரு பொருத்தம். ஆயினும் படத்தில் அவ்வினத்தார்க்குக் கரிய மேனியும் அழுக்கும் காட்டுத்தனமும் சேர்த்தே வழங்கப்பட்டன. மொழியின் அமைப்பிற் குறை காண்பதற்கில்லை. அதனை எவர் வாயில் வைத்தனர் என்பதே நம் வினா. குழந்தைகளின் விளையாட்டிற் பிறந்த மொழி திரையில் அரக்கர் மொழியாயிற்று.

மீண்டும் தெல்தோட்டைப் பக்கம் வருவோம். தெல் என்பது சிங்களத்தில் ஈரப்பலா. தொட்ட என்பது துறை. அம்பாந்தோட்டையிற் போலவே இங்கும் தமிழ்க் காது 'தொட்ட'வைத் 'தோட்டை' ஆக்கிக்கொண்டது. தேயிலை வந்தபின் இப்பெயர் தோட்டங்களாலேயே ஏற்பட்டது என எண்ணுவாரும் உளராதல் வியப்பன்று. தெல்தோட்டைக்கு அண்மையிலுள்ள லூல்கந்துரவிலேயே 1867 இல் ஜேம்ஸ் டெயிலர் 19 ஏக்கரில் தேயிலையைப் பயிரிட்டார். அத்தொழிலுக்கென அழைத்து வரப்பட்ட தமிழ் மக்களை வெள்ளைத்துரைமார் எம்மொழியால் அணுகினர் என்பதற்கு ஒரு சான்று உண்டு. சின்னத்துரைமாரின் சட்டைப்பைக்கென 19 ஆம் நூற்றாண்டிற் கொழும்பில் வெளியான தமிழ்க் கையேடு ஒன்றின் பெயரே 'இங்கே வா' என்பது. பேயை ஏவும் மந்திரத்தின் வினைச்சொற்களும் வா, போ, நில் என்னும் ஏவல்களே அல்லவா? ஏவுதற்கு மட்டுமே ஒரு மொழியைக் கற்பவன், அம்மொழியாரை ஏவலுக்கு உரியோராகவே காண்பான்.

1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் இம்மக்களுட் பெரும்பாலாரை நாடற்றவர் ஆக்கியது. 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டமே எஞ்சியோர்க்குக் குடியுரிமையை உறுதி செய்தது. சடங்குக் களத்தில் தொலைநாட்டு மொழியாகக் கருதப்பட்டது, சட்டப் புத்தகத்திலும் தொலைநாட்டார் மொழியாகவே அரை நூற்றாண்டுக்கு மேல் நின்றது. மந்திரமே சட்டத்துக்குக் காரணம் எனக் கூறுவது அறிவீனம். இரண்டும் அயலாரை ஒரே தொலைவில் நிறுத்தின என்பதே நாம் கூற முற்படுவது.

தோட்டத் தமிழர் தம் தெய்வங்களுக்கு வழங்கிய மொழி இதற்கு மாறானது. தேயிலைத் தொழிற்சாலையின் பெருஞ்சக்கரத்துக்குக் காவலாக அவர் அமைத்துக்கொண்ட தெய்வம் ரோதைமுனி. ரோதை என்பது சிங்கள ரோதய; அதுவும் போர்த்துக்கேய மொழியினின்று சிங்களத்தில் ஏறியது. போர்த்துக்கேயச் சொல் சிங்களத்தின் வழியே வந்து தமிழ் முனியோடு ஒட்டி நிற்கின்றது. இம்முனிக்குத் தனிமொழி இல்லை. லயத்தில் எவ்வாறு பேசுகின்றனரோ அவ்வாறே அவரிடமும் பேசுகின்றனர். உடுக்கொலிக்கிடையே சாமியாடி கூறும் வாக்கும் பெரட்டுக் களத்திற் கேட்கும் தமிழிலேயே அமைகின்றது.

இத்துறையிற் களப்பணி செய்ய விழைவோர்க்கு ஒன்று கூறலாம். கண்டிப் பிரதேச மந்திரங்களைச் சிங்களம் மட்டும் அறிந்தவர் தொகுப்பின், தமிழ்ச் சொற்கள் பொருளற்ற ஒலிகளாகவே பதிவாகும்; தமிழ் மட்டும் அறிந்தவர் தொகுப்பின், பாளியும் பழஞ்சிங்களமும் அவ்வாறே ஆகும். ஹேவாஹெட்டக் கிராமத்துக் கட்டாடியாவின் முன்னும் தோட்டத்துக் கோடங்கியின் முன்னும் இரு மொழி மாணவரும் சேர்ந்தமர்ந்தே எழுதுதல் வேண்டும். மந்திரம் வெளிப்பட்டால் ஆற்றல் இழக்கும் என்னும் நம்பிக்கை உடையோரிடம் அவர் இசைவின்றி எதனையும் ஒலிப்பதிவு செய்தலாகாது. இசைவு கிடைக்காதவிடத்துக் களத்து மொழியினின்று தொடங்கலாம். அதனை வழங்கிய உழவர் முதியோராயினர். சூடு மிதிக்க எருது பூட்டும் வழக்கமோ இயந்திரங்களின் வரவாற் பெரிதும் அருகிவிட்டது.